காட்ஸில்லா படத்துக்குத் திருட்டு பிரிண்ட் வந்தால் அடி யாருக்கு?

மதுரையில் கல்லூரியில் படிக்கும் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார்: “காட்ஸில்லா, காங் மாதிரிப் படங்களைப் பெரிய திரையில் பார்த்தால்தானே படம். ஆனால் ரிலீஸான அன்றைக்கே தமிழ் டப்பிங்கோடு டெலிகிராமில் வந்துவிடுகிறது. எப்படி வருகிறது? இதனால் நம்ம ஊர்த் தியேட்டர்காரர்களுக்கு நிஜமாகவே நஷ்டமா, இல்லை சும்மா சொல்கிறார்களா? பார்த்தால் கேஸ் போடுவார்களா?”

நான் எம்.ஆர். ஏரியாவில் தியேட்டர்களுக்குப் புரொஜெக்டர், சர்வர் பராமரிக்கிற வேலையில் இருக்கிறேன். எம்.ஆர். என்றால் மதுரை–ராமநாதபுரம். சினிமா வியாபாரத்தில் மதுரை, திண்டுக்கல், தேனி, விருதுநகர், சிவகங்கை, ராமநாதபுரம் எல்லாம் சேர்ந்து ஒரே ஏரியா. ஆகவே நான் சொல்வது ஆபரேட்டர் ரூமிலிருந்து பார்க்கிற பார்வை. நடிகர்கள் மேடையில் பேசுவதும் தயாரிப்பாளர்கள் பேட்டியில் பேசுவதும் கொஞ்சம் வேறு மாதிரி இருக்கும்.

சுருக்கமான பதில் வேண்டுமென்றால் இதுதான்: இந்த மாதிரி ராட்சதப் படங்களுக்கு முதல் மூன்று நாள் வசூலைக் கேமரா பிரிண்ட், அதாவது தியேட்டரில் ஓடும் படத்தைப் போனிலோ கேமராவிலோ எடுத்த பிரிண்ட், பெரிதாகத் தொடுவதில்லை. நல்ல எச்டி பிரிண்ட் எப்போது வருகிறது என்பதுதான் விஷயம். அது இரண்டாவது ஞாயிற்றுக்கிழமைக்கு முன்னால் வந்துவிட்டால், அடி அமெரிக்காவில் இருக்கும் ஸ்டூடியோவைவிடத் திருமங்கலத்திலும் மேலூரிலும் தியேட்டர் வைத்திருப்பவருக்குத்தான் பலமாக விழும். ஏன் என்று இனி விளக்கமாகச் சொல்கிறேன்.

முதலில் கேமரா பிரிண்டைப் பார்ப்போம். ‘காட்ஸில்லா வெர்சஸ் காங்’ படத்தில் ஹாங்காங் சண்டை ஞாபகம் இருக்கிறதா? ராத்திரி நேரம், கட்டடம் முழுக்க நியான் வெளிச்சம், நடுவில் இரண்டு மிருகம். இதைப் போனில் எடுத்தால் என்ன ஆகும் தெரியுமா? திரையில் நீல வெளிச்சம் பளிச்சென்று அடித்ததும் போன் கேமரா தானாக வெளிச்சத்தைக் குறைத்துக்கொள்ளும். அந்த நொடியில் இருட்டுப் பக்கம் எல்லாம் கட்டம் கட்டமாக உடைந்துபோகும். காங் எங்கே, கட்டடம் எங்கே என்று தெரியாது. சத்தம் இன்னும் மோசம். காட்ஸில்லாவின் உறுமலில் பாதி உயிர் சப்-வூஃபரில்தான் இருக்கிறது. சீட்டு அதிர்வதுதான் அந்தக் காட்சி. போன் மைக் அந்தக் கீழ்ஸ்தாயியைப் பிடிக்காது, சத்தம் கூடினால் பிளந்துகொண்டு கரகரவென்று கேட்கும். 1954-ல் ஜப்பானில் முதல் காட்ஸில்லா எடுத்தபோது, இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபே டபுள் பேஸ் வாத்தியத்தின் தந்தியைத் தளர்த்திவிட்டு, பிசின் தடவிய தோல் கையுறையால் இழுத்துத்தான் அந்த உறுமலை உண்டாக்கினார். பிறவியிலேயே கனத்த சத்தம் அது. அதைப் போன் ஸ்பீக்கரில் கேட்பதும் கேட்காமல் இருப்பதும் ஒன்றுதான்.

அதனால் ‘இந்தப் படத்தைத் தியேட்டரில்தான் பார்க்கணும்’ என்று முடிவெடுத்த ஆள் கேமரா பிரிண்டைப் பார்த்து மனம் மாறுவதில்லை. கேமரா பிரிண்ட் பார்ப்பவர் பெரும்பாலும் எப்படியும் டிக்கெட் எடுக்க மாட்டார். அல்லது, அவர் ஊரில் அந்தப் படமே ஓடாது. இந்த இரண்டாவது வகை ஆட்களைப் பற்றிப் பின்னால் வருகிறேன், அவர்கள்தான் முக்கியமானவர்கள்.

சரி, படம் எப்படி வெளியே போகிறது? தியேட்டருக்கு வரும் ஃபைலை டிசிபி என்போம். முன்னே படப்பெட்டி வந்த மாதிரி இப்போது ஹார்ட் டிஸ்கிலோ இன்டர்நெட் வழியாகவோ வருகிறது. ஃபைல் முழுக்கப் பூட்டியிருக்கும். திறக்கக் கேடிஎம் என்று ஒன்று வேண்டும். நாங்கள் ‘கீ’ என்றே சொல்வோம். ஒவ்வொரு சர்வருக்கும் தனி கீ. எந்தத் தேதி எத்தனை மணி முதல் எந்தத் தேதி எத்தனை மணி வரை என்று அதில் எழுதியிருக்கும், அந்த நேரத்துக்கு வெளியே படம் ஓடாது. பக்கத்து ஸ்கிரீனுக்கு வந்த கீயை இந்த ஸ்கிரீனில் போட்டாலும் ஓடாது. சர்வரில் மீடியா போர்டு பழுதாகி மாற்றினோம் என்றால் அதன் சான்றிதழும் மாறிவிடும், பழைய கீ செல்லாது. வியாழக்கிழமை ராத்திரி போர்டு போனால் வெள்ளிக்கிழமை காலை ஷோவுக்குள் புதுக் கீ வரவழைப்பதற்குள் உயிர் போய்த் திரும்பும். வெளியே ரசிகர்கள் கேட்டைப் பிடித்து ஆட்டிக்கொண்டிருப்பார்கள், உள்ளே நாங்கள் மெயிலைத் திறந்து திறந்து பார்த்துக்கொண்டிருப்போம்.

இதைச் சொல்வதற்குக் காரணம், தியேட்டருக்கு வந்த ஃபைலை உடைத்து யாரும் படம் திருடுவதில்லை. கசிவு அந்த ஃபைலுக்கு முன்னால் நடக்கும், இல்லை திரையில் ஓடும்போது நடக்கும், இல்லையென்றால் ஓடிடிக்குப் போன பிறகு நடக்கும். முன்னால் என்றால் எடிட்டிங், டப்பிங், சான்றிதழ், பிரிண்ட் தயாரிப்பு என்று படம் பல கை மாறுகிற கட்டம். 2021 ஜனவரியில் ‘மாஸ்டர்’ ரிலீஸாவதற்கு முன்பே காட்சிகள் துண்டு துண்டாக வெளியே வந்தது இந்த வகைதான். ஓடிடிக்கு வந்த பிறகு நடப்பது சுலபமான வேலை. எந்தத் தளத்தின் பூட்டும் அதிக நேரம் தாங்குவதில்லை.

திரையில் எடுப்பதிலும் ஒரு வித்தியாசம் உண்டு. கூட்டத்தில் உட்கார்ந்து எடுத்ததா, ஆளில்லாத ஹாலில் ஸ்டாண்டு போட்டு எடுத்ததா என்று பார்த்தவுடனே தெரிந்துவிடும். தலை குறுக்கே போகவில்லை, படம் ஆடவில்லை, பக்கவாட்டில் சாயவில்லை என்றால் உள்ளே இருக்கிறவர் உதவி இல்லாமல் அது நடந்திருக்காது. இதைத் தியேட்டர் சங்கத்துக்காரர்கள் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். ஆனால் தொழிலில் இருக்கிற எல்லோருக்கும் தெரியும்.

கண்டுபிடிக்க வழி இருக்கிறது. டிஜிட்டல் சினிமாத் தர விதிப்படி, சர்வர் படத்தை ஓட்டும்போதே படத்திலும் ஒலியிலும் கண்ணுக்குத் தெரியாத ஒரு குறியைக் கலந்துவிடும். மொத்தம் 35 பிட், அதாவது பூஜ்யமும் ஒன்றுமாக 35 இலக்கம். அதில் 16 பிட் நேரத்துக்கு, 19 பிட் இடத்துக்கு. நேரம் 15 நிமிடத்துக்கு ஒரு தடவை மாறும். எந்த ஐந்து நிமிடத் துண்டை எடுத்தாலும் முழுக் குறியும் அதில் இருந்தாக வேண்டும். 19 பிட் என்றால் ஐந்து லட்சத்துக்கு மேல் அடையாள எண்கள். ஆக, இணையத்தில் வந்த பிரிண்டைச் சோதனைக்கு அனுப்பினால் எந்த ஊர், எந்த ஸ்கிரீன், எந்தத் தேதி, எந்த ஷோ என்று சொல்லிவிடலாம். அதற்கப்புறம் சிசிடிவியும் ஆன்லைன் புக்கிங் விவரமும் மிச்ச வேலையைப் பார்த்துக்கொள்ளும்.

நம்ம ஊர் சம்பந்தப்பட்ட ஒரு கேஸும் இருக்கிறது. 2024 ஜூலையில் ‘ராயன்’ ரிலீஸான சமயம், திருவனந்தபுரத்தில் ஒரு தியேட்டரில் படத்தைப் போனில் எடுத்துக்கொண்டிருந்ததாக ஒருவரைக் கேரள சைபர் போலீசார் பிடித்தார்கள். அவர் மதுரைக்காரர். அதற்கு முன்பு வந்த ஒரு மலையாளப் படத்தின் பிரிண்ட் எங்கே எடுக்கப்பட்டது என்று தேடிப்போய்த்தான் அவரை எட்டினார்கள். சாய்வு இருக்கையில் கப் வைக்கிற இடத்தில் சின்னதாகப் போனைப் பொருத்தி எடுத்தார் என்றும், ஒரு படத்துக்குக் கிடைத்தது சில ஆயிரம் ரூபாய்தான் என்றும் செய்திகள் வந்தன. தொகையைக் கவனியுங்கள். மாட்டிக்கொள்கிறவனுக்குக் கிடைப்பது அவ்வளவுதான். மிச்சம் எங்கே போகிறது என்றால், அந்தத் தளத்தைத் திறந்ததும் நாலு பக்கமும் குதிக்கிற சூதாட்டச் செயலி விளம்பரங்களில். 2025 நவம்பரில் ஹைதராபாத் போலீசார் தெலுங்கில் பிரபலமான ஒரு தளத்தை நடத்தியதாக ஒருவரைக் கைது செய்தபோதும் பந்தயச் செயலிகளோடு உள்ள தொடர்பைத்தான் பெரிதாகப் பேசினார்கள். அவர்களைப் பொறுத்தவரை படம் சும்மா தூண்டில் புழு. பிடிக்க வேண்டிய மீன் நீங்களும் உங்கள் போனும்.

இனி தமிழ் டப்பிங் கதை. ராட்சதப் படத்தில் இதுதான் ருசியான பகுதி.

வெளிநாட்டில் படம் ஓடிடிக்கு வந்ததும் பளபளவென்று எச்டி பிரிண்ட் கிடைத்துவிடும், ஆனால் அதில் தமிழ் இருக்காது. தமிழ் இருப்பது நம்ம தியேட்டர்களில் மட்டும்தான். அதனால் திருடுகிறவர்கள் என்ன செய்வார்கள் என்றால், தியேட்டரில் ஒலியை மட்டும் தனியாகப் பதிவு செய்துகொண்டு போய், அங்கிருந்து வந்த எச்டி படத்தோடு ஒட்டுவார்கள். ஒட்டுவது நினைக்கிற மாதிரி லேசில்லை. தியேட்டரில் படம் விநாடிக்கு 24 ஃபிரேம் ஓடும். இணையத்துக்கு வரும் பிரிண்ட் பெரும்பாலும் 23.976. வித்தியாசம் ஆயிரத்தில் ஒரு பங்குதான். ஆனால் ‘காட்ஸில்லா வெர்சஸ் காங்’ 113 நிமிடப் படம். முதல் காட்சியில் சரியாகப் பொருந்திய ஒலி கடைசிக் காட்சிக்கு வரும்போது கிட்டத்தட்ட ஏழு விநாடி விலகி நிற்கும். காங் கோடரியை ஓங்கும் முன்பே அடி விழுந்த சத்தம் கேட்கும். விவரம் தெரிந்தவன் ஒலியை இழுத்து நீட்டிச் சரி செய்வான், தெரியாதவன் அப்படியே ஏற்றிவிடுவான். நடுவில் இடைவேளை வேறு. சென்சாரில் எங்கேயாவது ஒரு துண்டு போயிருந்தால் அங்கேயும் நழுவும். எல்லாம் சரி செய்தாலும் காங் முதல் குத்து விடும்போது ஹாலில் அடித்த விசிலையும், பின் வரிசையில் ஒருத்தர் ‘போடு மாமா!’ என்று கத்தியதையும் அழிக்க முடியாது. படம் ஹாலிவுட், சத்தம் நம்ம ஊர். இதற்கென்று தனி ரசிகர்களே இருக்கிறார்கள் என்றால் நம்புவீர்களா?

சிரிப்பு ஒரு பக்கம் இருக்கட்டும். தமிழ் டப்பிங்கில் ஓடுகிற ஹாலிவுட் படத்துக்குத் திருட்டில் இரண்டு கட்டம் இருக்கிறது என்பது இதிலிருந்து தெரிகிறது. முதல் கட்டம் கேமரா பிரிண்ட். அன்றைக்கே வரும், சேதம் குறைவு. இரண்டாவது கட்டம் எச்டி படமும் தமிழ் ஒலியும் சேர்ந்த பிரிண்ட். அது எப்போது வரும் என்பது திருடன் கையில் இல்லை. ஸ்டூடியோ எந்தத் தேதியில் ஓடிடிக்குத் தருகிறது என்பதைப் பொறுத்தது.

இரண்டு படங்களை எடுத்துப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ‘காட்ஸில்லா வெர்சஸ் காங்’ இந்தியாவில் 2021 மார்ச் 24, புதன்கிழமை வந்தது. இங்கிலீஷ், தமிழ், தெலுங்கு, இந்தி நாலிலும். அமெரிக்காவில் ஒரு வாரம் கழித்து மார்ச் 31-ல் தியேட்டரிலும் எச்பிஓ மேக்ஸ் என்ற ஓடிடியிலும் ஒரே நாளில் வெளியிட்டார்கள். கொரோனாவை வைத்து 2021-ன் எல்லாப் படங்களையும் இப்படித்தான் தரப்போகிறோம் என்று வார்னர் நிறுவனம் 2020 டிசம்பரிலேயே அறிவித்திருந்தது. பணம் போட்ட லெஜண்டரி நிறுவனமே அதற்குச் சம்மதமில்லாமல் மல்லுக்கு நின்றதாகச் செய்திகள் வந்தன. ஆக, நமக்குப் படம் வந்த எட்டாவது நாள் உலகம் முழுக்க எச்டி பிரிண்ட். ஏப்ரல் 2 புனித வெள்ளி, தொடர்ந்து சனி, ஞாயிறு. குடும்பத்தோடு பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வரவேண்டிய அந்த மூன்று நாளும் படம் போனில் இருந்தது.

அடுத்த படம், ‘காட்ஸில்லா எக்ஸ் காங்: தி நியூ எம்பயர்’, 2024 மார்ச் 29. அதுவும் புனித வெள்ளிதான். இந்தத் தடவை அமெரிக்காவிலேயே டிஜிட்டலுக்கு வந்தது மே 14-ல். நாற்பத்தாறு நாள் இடைவெளி. அந்த ஆறரை வாரமும் வெளியே கிடைத்தது கேமரா பிரிண்ட் மட்டும். 2024-ன் முதல் நாலு மாதம் தமிழ்ப் படங்கள் சுமாராகப் போனதும், ‘மஞ்ஞும்மல் பாய்ஸ்’ என்ற மலையாளப் படம் இங்கே கொடி கட்டிப் பறந்ததும் உங்களுக்கு நினைவிருக்கும். காலியாகக் கிடந்த திரைகளில் காங்கும் நன்றாகவே உட்கார்ந்துகொண்டது. உலக அளவில் 2021 படம் சுமார் 47 கோடி டாலர், 2024 படம் 57 கோடி டாலர்.

இதை வைத்து ‘பார்த்தீர்களா, எச்டி பிரிண்ட் வராததால்தான் பத்துக் கோடி டாலர் கூடுதல்’ என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 2021 ஏப்ரல் 2-ல் கார்த்தியின் ‘சுல்தான்’ வந்தது, திரைகள் அங்கே போயின. ஏப்ரல் 6-ல் சட்டமன்றத் தேர்தல். ஏப்ரல் 10 முதல் பாதி இருக்கைதான் என்று அரசு உத்தரவு. 26-ம் தேதி தியேட்டரையே மூடிவிட்டார்கள். இத்தனைக்கும் நடுவில் திருட்டு பிரிண்டின் பங்கு இவ்வளவு என்று பிரித்துச் சொல்ல எந்தக் கணக்குப்பிள்ளையாலும் முடியாது. ஆனால் ஆபரேட்டர் ரூம் ஜன்னலிலிருந்து ஹாலைப் பார்த்தவர்களுக்கு ஒன்று தெரியும். 2021-ல் இரண்டாவது வாரம் வந்தது இளவட்டங்கள் மட்டும்தான். 2024-ல் இரண்டாவது வாரமும் தூக்குவாளியில் முறுக்கு கொண்டுவந்து வாசலில் சண்டை போட்ட அக்காமார்களைப் பார்த்தேன்.

அந்த இரண்டாவது வாரம் யாருடையது என்பதற்கு வருவோம். டிக்கெட் காசில் வரி போக மிச்சத்தை விநியோகஸ்தரும் தியேட்டரும் பிரித்துக்கொள்வார்கள். முதல் வாரம் விநியோகஸ்தர் பக்கம் கூடுதல், போகப்போகத் தியேட்டர் பக்கம் கூடும். 2009-ல் இந்தித் தயாரிப்பாளர்களுக்கும் மல்டிபிளெக்ஸ்களுக்கும் சண்டை வந்து படங்களே நிறுத்தப்பட்டு, கடைசியில் ஒப்பந்தம் ஆனபோது விநியோகஸ்தர் பங்கு முதல் வாரம் 50 சதவீதம், இரண்டாவது வாரம் 42.5, மூன்றாவது வாரம் 37.5, அதன் பின் 30 என்று முடிவானது. நம்ம பக்கம் கணக்கு ஏரியாவுக்கு ஏரியா, படத்துக்குப் படம் மாறும். பெரிய தமிழ் ஹீரோ படமென்றால் முதல் வாரம் தியேட்டருக்கு ஒன்றும் மிஞ்சாது, கேண்டீன்தான் கஞ்சி ஊற்றும். ஆனால் போகிற திசை இதுதான். ஆக முதல் வாரத்தைக் கடித்தால் ஸ்டூடியோவுக்கு வலிக்கும், இரண்டாவது மூன்றாவது வாரத்தைக் கடித்தால் தியேட்டருக்கு வலிக்கும். எச்டி பிரிண்ட் கடிப்பது இரண்டாவதைத்தான். பார்க்கிங், பாப்கார்ன், முறுக்கு எல்லாம் கூடவே போகும்.

பழைய நாளில் இந்த வலி இப்படி இருந்திருக்காது. மதுரையில் தங்கம் தியேட்டர் 1952-ல் ‘பராசக்தி’யோடு திறந்தபோது 2,563 இருக்கை. ஊருக்கு ஒரு பிரிண்ட், நூறு நாள் ஓட்டம். ரயில்வே ஸ்டேஷன் பக்கம் விக்டோரியா எட்வர்டு மன்றத்தில் இருந்த ரீகலில் இங்கிலீஷ் படம் பார்க்கவென்றே ஒரு கூட்டம் போகும். இந்த வாரம் விட்டால் அடுத்த வாரம், அவசரமே இல்லை. இன்றைக்கு ஒரு படம் ஒரே நாளில் ஊர் முழுக்க எல்லாத் திரையிலும் திறக்கிறது. வருகிற காசில் பெரும்பங்கு முதல் நான்கு நாளில் வந்துவிடுகிறது. பின்னால் வரும் கொஞ்சநஞ்சத்தில் கை வைத்தாலும் சின்னத் தியேட்டருக்குக் கரண்ட் பில் கட்ட முடியாது.

இப்போது அந்த ‘ஊரில் படமே ஓடாத’ ஆட்கள். டப்பிங் ஹாலிவுட் படம் மதுரை டவுனுக்குள் வரும், விருதுநகர், திண்டுக்கல் வரும். அதைத் தாண்டி உள்ளே போகப் போக இழுபறிதான். ஹாலிவுட் ஸ்டூடியோக்கள் தங்கள் தரத்துக்கு ஏற்ற புரொஜெக்டரும் சர்வரும் இருந்தால்தான் பெரும்பாலும் படம் தருவார்கள்; பல சின்னத் தியேட்டர்களில் அது கிடையாது. இருந்தாலும் அந்த வாரம் ஒரு தமிழ்ப் படம் வந்தால் முதலில் காலி செய்யப்படுவது டப்பிங் படம்தான். உசிலம்பட்டிப் பக்கத்து ஊர் ஒன்றிலிருந்து ஒரு பையன் காங் பார்க்க வேண்டுமென்றால் பஸ் ஏறி மதுரை வந்து, படம் முடிந்து ராத்திரி கடைசி பஸ்ஸைப் பிடிக்க ஓட வேண்டும். டிக்கெட்டைவிட மற்ற செலவு கூடுதல். அவன் டெலிகிராமில் பார்த்தால் அதை நஷ்டக் கணக்கில் எழுதுவது எனக்கு நியாயமாகப் படவில்லை. விற்காத சரக்கை எப்படித் திருட்டுப்போனதாகக் கணக்கு எழுதுவது?

இதற்கு இன்னும் அப்பட்டமான உதாரணம் ‘காட்ஸில்லா மைனஸ் ஒன்’. 2023 நவம்பரில் ஜப்பானிலும் டிசம்பரில் அமெரிக்காவிலும் வந்த படம். 2024 மார்ச்சில் விஷுவல் எஃபெக்ட்ஸுக்கு ஆஸ்கர் வாங்கியது. ஹாலிவுட் படங்களோடு ஒப்பிட்டால் சில்லறைக் காசில், 35 பேர் கொண்ட குழு 610 ஷாட்களைச் செய்திருந்தது. இயக்குநர் தகாஷி யமாசாகியே விஷுவல் எஃபெக்ட்ஸையும் பார்த்துக்கொண்டார். அப்போது நம்ம நாட்டுத் தியேட்டர்களுக்கு அந்தப் படம் வரவே இல்லை. நெட்ஃப்ளிக்ஸில் வந்தது 2024 ஜூன் 1-ல். அதற்குள் அதைப் பார்த்து முடித்த பையன்கள் மதுரையில் எத்தனை பேர் என்று நீங்களே உங்கள் வகுப்பில் கேட்டுப் பாருங்கள். காசு கொடுக்கத் தயாராக இருந்தவனிடமும் வாங்க ஆளில்லை. இங்கே திருட்டு பிரிண்ட் எந்தத் தியேட்டரின் வயிற்றிலும் அடிக்கவில்லை, ஏனென்றால் எந்தத் தியேட்டரும் ஓட்டவில்லை.

இதனால்தான் பத்திரிகையில் வருகிற பெரிய தொகைகளை நான் கொஞ்சம் தள்ளி நின்றுதான் பார்ப்பேன். ஈஒய் என்ற ஆலோசனை நிறுவனமும் இந்திய இணைய, மொபைல் சங்கமும் 2024-ல் ஒரு அறிக்கை வெளியிட்டன. இந்தியாவில் திருட்டுப் பிரதிகளின் பொருளாதாரம் 2023-ல் 22,400 கோடி ரூபாய்; அதில் 13,700 கோடி தியேட்டர் படங்கள், 8,700 கோடி ஓடிடி. பார்வையாளர்களில் 51 சதவீதம் பேர் திருட்டு வழியில் பார்க்கிறார்கள் என்றும் சொன்னது. 51 சதவீதம் என்பது நம்பக்கூடியதுதான், சொல்லப்போனால் நம்ம பக்கம் கூடுதலாகவே இருக்கும். கோடிக் கணக்குதான் இடிக்கிறது. அதில் எவ்வளவு நிஜமாகவே டிக்கெட்டாக மாறியிருக்கும் என்பது ஊகம்தான்.

ஆய்வுகளும் ஒரே மாதிரிப் பேசவில்லை. கார்னிகி மெலன் பல்கலைக்கழகத்தார் 2014-ல் வெளியிட்ட ஆய்வு, ரிலீஸுக்கு முன்பே கசிந்த படங்களின் வசூல், ரிலீஸுக்குப் பின் கசிந்த படங்களைவிடச் சுமார் 19 சதவீதம் குறைந்தது என்றது. ஆக முன்கூட்டிய கசிவுதான் ஆகக் கொடியது. 2012-ல் மெகாஅப்லோடு என்ற ஃபைல் பகிரும் தளத்தை மூடிய பிறகு என்ன ஆனது என்று ஐரோப்பிய ஆய்வாளர்கள் பார்த்தார்கள். பெரிய பட்ஜெட் படங்களுக்கு லாபம். ஆனால் சின்ன, நடுத்தரப் படங்களின் வசூல் குறைந்தது! திருட்டில் பார்த்தவன் வாய்வழியாகப் பரப்பிய விளம்பரம் நின்றுபோனதுதான் காரணமாக இருக்கும் என்பது அவர்கள் ஊகம். காட்ஸில்லாவுக்கு அப்படி வாய்வழி விளம்பரம் தேவையில்லை, போஸ்டரே போதும். ஆகவே திருட்டால் நன்மை என்ற வாதம் வேறு எதற்குப் பொருந்தினாலும் இந்த வகைப் படத்துக்குப் பொருந்தாது.

கடைசியாகச் சட்டம். முன்பு விசிடி இருந்தபோது ஒரு வசதி, கடை என்று ஒன்று இருந்தது. பெரியார் பஸ் ஸ்டாண்டைச் சுற்றி ரெய்டு வந்தால் ஷட்டர் சாத்துகிற சத்தம் வரிசையாகக் கேட்கும். ராத்திரி பஸ்ஸிலும் லோக்கல் கேபிளிலும் புதுப்படம் போட்டார்கள், பிடிபட்டார்கள். 2004-ல் குண்டர் சட்டத்திலேயே திருட்டு வீடியோக்காரர்களைச் சேர்த்தது தமிழக அரசு. விசாரணையில்லாமல் ஒரு வருடம் வரை உள்ளே வைக்கலாம். இப்போது கடையே இல்லை, ஒரு லிங்க் மட்டும்தான்.

2023-ல் சினிமாட்டோகிராஃப் சட்டத்தைத் திருத்தினார்கள். தியேட்டரில் படத்தைப் பதிவு செய்தாலோ அதைப் பரப்பினாலோ குறைந்தது மூன்று மாதம் சிறை, மூன்று லட்சம் அபராதம். அதிகபட்சம் மூன்று வருடம் சிறை, படத்தின் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை அபராதம். காட்ஸில்லாவுக்குச் செலவு 15 கோடி டாலருக்கு மேல், அதில் 5 சதவீதம் என்றால் அறுபது கோடி ரூபாயைத் தாண்டும். சில ஆயிரத்துக்குப் போனைத் தூக்கிப் பிடிக்கிற பையனிடம் அதை வசூலிப்பது வேறு கதை. அதே வருடம் நவம்பரில், திருட்டுப் பிரதி பற்றிப் புகார் வந்தால் 48 மணி நேரத்துக்குள் நடவடிக்கை எடுக்க மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் தனி அதிகாரிகளை நியமித்தது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் வெள்ளிக்கிழமை காலை வந்த பிரிண்டுக்கு 48 மணி நேரம் என்றால் ஞாயிற்றுக்கிழமை காலை.

நீதிமன்றங்களும் தடை கொடுத்துக்கொண்டேதான் இருக்கின்றன. யார் என்றே தெரியாத திருடனை ‘அசோக் குமார்’ என்று பெயர் வைத்துப் பிரதிவாதியாக்கும் பழக்கம் நம்ம நீதிமன்றங்களில் உண்டு. 2012-ல் ‘3’ படத்துக்காகச் சென்னை உயர் நீதிமன்றத்தில் இப்படி உத்தரவு வாங்கியபோது, இணைய நிறுவனங்கள் பயந்துபோய் ஒழுங்கான தளங்களையும் சேர்த்தே முடக்கின. அப்புறம் குறிப்பிட்ட முகவரியை மட்டும்தான் முடக்க வேண்டும் என்று நீதிமன்றம் தெளிவுபடுத்த வேண்டியிருந்தது. 2019 ஏப்ரலில் டெல்லி உயர் நீதிமன்றம், ஒரு தளம் பெயரை மாற்றிக்கொண்டு மறுபடி முளைத்தால் புது வழக்கு போடாமலே அதே தடையை நீட்டிக்க வழி செய்தது. 2022-ல் அதே நீதிமன்றம், பதிப்புரிமை மீறிய சேனல்களை நடத்துவோரின் விவரத்தைத் தரச்சொல்லி டெலிகிராமுக்கு உத்தரவிட்டது. ஆகவே ‘டெலிகிராமில் யார் என்று தெரியாது’ என்ற தைரியம் சேனல் நடத்துகிறவர்களுக்கு வேண்டாம்.

பார்க்கிற உங்களுக்கு? 2016-ல் பம்பாய் உயர் நீதிமன்றம், ஒரு படத்தின் திருட்டுப் பிரதிகளைத் தடுக்கப் போட்ட வழக்கில், வெறுமனே பார்ப்பது குற்றமாகாது, அனுமதியில்லாமல் பரப்புவதும் பொதுவில் திரையிடுவதும் விற்பதும்தான் குற்றம் என்ற பொருளில் சொன்னது. ஆனால் இதில் ஒரு பொறி இருக்கிறது. டோரண்டில் இறக்கினால், நீங்கள் இறக்குகிற அதே நேரத்தில் உங்கள் கணினி இறக்கிய துண்டுகளை மற்றவர்களுக்கு ஏற்றிக்கொண்டும் இருக்கும். அது பரப்புவதுதான். ஹாஸ்டல் குரூப்பில் ஃபைலை ஃபார்வர்ட் செய்தாலும் அதேதான். பதிப்புரிமைச் சட்டம் 63-ம் பிரிவில் ஆறு மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறையும், ஐம்பதாயிரம் முதல் இரண்டு லட்சம் வரை அபராதமும் இருக்கிறது. உங்களைத் தேடி போலீஸ் வருமா என்றால் வராது, அவர்களுக்கு வேறு வேலை இருக்கிறது. அதைவிடப் பெரிய வம்பு, ‘இந்தச் செயலியைப் போட்டால் படம் ஓடும்’ என்று வருகிற ஏபிகே ஃபைல்கள். அதைப் போட்டு, எஸ்எம்எஸ் படிக்க அனுமதியும் கொடுத்துவிட்டால், பேங்க் ஓடிபி யார் கைக்குப் போகும் என்று சொல்ல வேண்டியதில்லை.

அடுத்த காட்ஸில்லா–காங் படத்துக்கு 2027 மார்ச் 26 என்று தேதி அறிவித்திருக்கிறார்கள். நாள்காட்டியைப் பாருங்கள், அதுவும் புனித வெள்ளிதான். எம்.ஆர். ஏரியாவில் தமிழ் டப்பிங் எத்தனை திரைக்கு வருகிறது, டிஜிட்டலுக்கு எத்தனை நாள் கழித்துத் தருகிறார்கள் என்ற இரண்டை மட்டும் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். இடைவெளி ஒரு வாரம் என்றால் இரண்டாவது ஞாயிற்றுக்கிழமைக்குத் தியேட்டர்காரர்கள் வேறு படம் பார்த்து வைத்துக்கொள்வது நல்லது. ஆறு வாரம் என்றால் காங்கைத் தைரியமாக ஓட்டலாம், டெலிகிராமில் எத்தனை கேமரா பிரிண்ட் சுற்றினாலும் சரி.